மொரப்பூர் வட்டாரத்து மகளிர் குழுச் சகோதரிகளுக்கு ஒரு மடல்



மொரப்பூரிலும் அதைச் சூழ்ந்த சிற்றூர்களிலும் மாதந்தோறும் கோயில் திண்ணையிலோ, அங்கன்வாடிக் கூடத்திலோ, ஊக்குநரின் வீட்டு வாசலிலோ கூடிச் சேமிப்புப் பணத்தை எண்ணி, தீர்மான நோட்டில் கையொப்பமிட்டு, வங்கிக் கடனுக்குத் தவணை பிரித்துக்கொண்டு கலைகின்ற உங்களை நோக்கி இந்த மடலை எழுதுகிறேன். தமிழ்நாட்டில் மகளிர் சுய உதவிக் குழு என்னும் பெரிய இயக்கம் 1989ஆம் ஆண்டு, சர்வதேச வேளாண்மை வளர்ச்சி நிதியத்தின் துணையோடு, முதன்முதலாகக் கால்கொண்டது இந்தத் தருமபுரி மாவட்டத்து மண்ணிலேதான். கையெழுத்துப் போடக் கற்றதும், வங்கி மேலாளர் முன்னால் நாற்காலியில் அமர்ந்து பேசக் கற்றதும், ஒருத்தியின் கடனுக்கு மற்றவர்கள் ஜவாப்தாரியாக நிற்கக் கற்றதும் இங்கிருந்தே மாநிலமெங்கும் பரவின. பணத்தின் பொருட்டு ஒருவருக்கொருவர் ஜாமீன் நிற்கும் நீங்கள், ஒருத்தியின் உடம்புக்கும் மானத்துக்கும் கேடு வரும்போதும் அவ்வாறே நிற்பதற்குச் சட்டம் இடம் வைத்திருக்கிறது என்பதைச் சொல்வதே என் நோக்கம்.

கூட்டத்துக்கு ஒருத்தி வரவில்லை. ஏன் வரவில்லை என்பது உங்களில் ஒவ்வொருவருக்கும் தெரியும். அடுத்த மாதம் அவள் வரும்போது கண்ணோரத்தில் இருக்கும் கன்றிப்போன தழும்பைப் பார்த்து, கால் இடறி விழுந்ததாக அவள் சொல்வதை நம்பியவர்கள்போல் தலையசைத்துவிட்டுத் தவணைக் கணக்குக்குப் போய்விடுகிறோம். 2019–21இல் நடந்த தேசியக் குடும்ப நலக் கணக்கெடுப்பு, தமிழ்நாட்டில் 18 வயதுக்கும் 49 வயதுக்கும் இடைப்பட்ட மணமான பெண்களில் நூற்றுக்கு 38 பேர் கணவனால் கொடுமைக்கு உள்ளானதாகத் தெரிவித்தது. அகில இந்தியாவிலும் உடற்கொடுமைக்கோ பாலியல் கொடுமைக்கோ ஆளான பெண்களில் நூற்றுக்கு 77 பேர் அதை ஒருவரிடமும் சொன்னதில்லை, ஒருவரிடமும் உதவி நாடியதில்லை என்றும் அதே கணக்கெடுப்பு கூறுகிறது. ஆகவே உங்கள் குழுவில் பன்னிரண்டு பேர் இருந்தால், சொல்லாமல் இருப்பவர்கள் சிலர் அந்தப் பன்னிரண்டு பேருக்குள்ளேயே இருக்கிறார்கள்.

சொல்லாமைக்கு ஒரு காரணத்தை நான் பல பெண்களின் வாயிலிருந்து கேட்டிருக்கிறேன். "அவரை ஜெயிலில் போட வேண்டாம், எனக்கு விவாகரத்தும் வேண்டாம், என்னை அடிக்காமல் இருந்தால் போதும்" என்பார்கள். நெடுங்காலம் இந்த நியாயமான வேண்டுகோளுக்கு நம் நாட்டில் விடை இல்லாதிருந்தது. ஒருபுறம், ஊர்ப் பெரியவர்கள் கூடிப் பேசி, இனி அடிக்கமாட்டேன் என்று அவனிடம் எழுதி வாங்கிக்கொண்டு அவளைத் திரும்ப அனுப்பிவைப்பார்கள். அந்தக் காகிதத்துக்கு எந்த வலிமையும் இல்லை. அவன் மீறினால் கேட்பாரும் இல்லை. மறுபுறம், 1983இல் இந்தியத் தண்டனைச் சட்டத்தில் சேர்க்கப்பட்ட 498ஏ என்னும் பிரிவு, கணவனையும் அவன் சுற்றத்தாரையும் குற்றவாளிக் கூண்டில் நிறுத்தி மூன்றாண்டுவரை சிறைக்கு அனுப்ப வழி செய்ததே தவிர, இன்று இரவு அவள் எங்கே படுப்பாள், நாளைக் காலை குழந்தைக்குப் பால் எப்படி வாங்குவாள் என்னும் கேள்விகளுக்குப் பதில் சொல்லவில்லை. பெண்கள் அமைப்புகளும், இந்திரா ஜெய்சிங் போன்ற வழக்குரைஞர்களும் ஆண்டுக்கணக்கில் வாதாடிய பின்னரே, சமரசத்துக்கும் சிறைக்கும் நடுவே இருந்த இந்த வெற்றிடத்தை நிரப்புவதற்காக, பெண்களைக் குடும்ப வன்முறையிலிருந்து பாதுகாக்கும் சட்டம் 2005இல் இயற்றப்பெற்று 2006 அக்டோபர் 26ஆம் நாள் அமலுக்கு வந்தது.

அதே 2005ஆம் ஆண்டில் இலங்கையிலும் இவ்வகைச் சட்டம் ஒன்று நிறைவேறிற்று. மலேசியாவில் 1994இலேயே வந்துவிட்டது. இலங்கைச் சட்டத்தில் பாதுகாப்பு ஆணையின் ஆயுள் பன்னிரண்டு மாதங்களுக்கு மேற்படாது. நம் நாட்டுச் சட்டத்திலோ, பாதிக்கப்பட்டவள் தானே மனம் ஒப்பி ரத்துச் செய்யுமாறு கேட்கும்வரை அந்த ஆணை உயிரோடிருக்கும். நிலைமை மாறியதாகக் காட்டி எதிர்த்தரப்பும் மாற்றம் கோரலாம் என்றாலும், காலம் கழிந்ததால் மட்டுமே ஆணை காலாவதியாகிவிடுவதில்லை. இந்த விஷயத்தில் நம் சட்டத்தை இயற்றியவர்கள் அதிகக் கருணையோடும் அதிக விவேகத்தோடும் நடந்துகொண்டார்கள் என்பது என் கருத்து.

பாதுகாப்பு ஆணை என்பது யாது? நீதித்துறை நடுவராகிய மாஜிஸ்திரேட், இன்னின்ன செயல்களை நீ செய்யலாகாது என்று எதிர்த்தரப்புக்கு விதிக்கும் தடை அது. அடித்தல், அடிக்கத் தூண்டுதல், அடிப்பவனுக்கு உடந்தையாயிருத்தல் இவற்றோடு அது நின்றுவிடவில்லை. அவள் வேலை செய்யும் பனியன் கம்பெனி வாசலுக்கோ, பிள்ளை படிக்கும் பள்ளிக்கூட வாசலுக்கோ வந்து நின்று அவமானப்படுத்தக் கூடாது; நேரிலோ, கடிதத்திலோ, தொலைபேசியிலோ, கைப்பேசிச் செய்தியிலோ அவளைத் தொடர்புகொள்ளக் கூடாது; அவளுடைய ஸ்திரீதனமாகிய நகையையும் பாத்திரத்தையும், இருவர் பெயரிலுமுள்ள வங்கிக் கணக்கையும் தன்னிஷ்டப்படி கையாளக் கூடாது என்றெல்லாம் மாஜிஸ்திரேட் ஆணையிட முடியும். வன்முறை என்பதற்கும் சட்டம் அகன்ற பொருளையே தந்திருக்கிறது. உடலை வருத்துவது, பாலியல் கொடுமை, வசைச்சொல்லாலும் இழிவுபடுத்தலாலும் மனத்தைச் சிதைப்பது, பொருளாதார வகையில் ஒடுக்குவது ஆகிய நான்கும் அதில் அடங்கும். குழுவில் உன் பெயருக்குக் கடன் வாங்கிக் கொடு என்று வற்புறுத்தி, வாங்கிய பணத்தை மதுக்கடையில் தொலைத்துவிட்டு, தவணை நாள் வந்ததும் வீட்டுச் செலவுக்குத் தராமல் அவளையே உதைக்கும் வழக்கத்தை நீங்கள் அறிவீர்கள். அது குடும்பத்துக்குள் நடக்கும் சாதாரணச் சச்சரவு என்று ஒதுக்கத் தக்கதன்று. இந்தச் சட்டத்தின் முன் முறையிடத் தக்க கொடுமை.

இந்த ஆணைகளைப் பற்றிய பதினெட்டாம் பிரிவில் உங்களுக்காகவே எழுதப்பட்டதுபோன்ற ஒரு பகுதி இருக்கிறது. அதைப் பெரும்பாலோர் கவனிப்பதில்லை. பாதிக்கப்பட்டவளுக்கு மட்டுமன்றி, அவளைச் சார்ந்தவர்களுக்கும் உறவினர்களுக்கும், அவளுக்கு உதவி செய்த எந்த நபருக்கும் எதிராக அவன் வன்முறையில் இறங்கக் கூடாது என்றும் மாஜிஸ்திரேட் தடைவிதிக்கலாம். "என் பெண்டாட்டிக்கு நீங்கள் யாரடி வக்காலத்து" என்று ஊக்குநரின் வாசலில் வந்து கூச்சலிடுபவனுக்குப் பயந்துதானே பல குழுக்கள் வாய்மூடியிருக்கின்றன! மனு எழுதும்போதே இதையும் கேட்டு எழுதச் சொல்லுங்கள். இன்னொரு பிரிவு, அதாவது நான்காவது, குடும்ப வன்முறை நடந்ததாகவோ, நடப்பதாகவோ, நடக்கக்கூடும் என்றோ நம்பக் காரணமுள்ள எவரும் பாதுகாப்பு அலுவலருக்குத் தகவல் தரலாம் என்றும், நல்லெண்ணத்தோடு தந்த தகவலுக்காக அவர்மேல் சிவில் வழக்கோ கிரிமினல் வழக்கோ தொடர முடியாது என்றும் உறுதி கூறுகிறது. அண்டை வீட்டுக்காரிக்குச் சட்டம் இதைவிட அதிகமாக என்ன அபயம் அளிக்க முடியும்?

வீட்டைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்லவேண்டும், ஏனெனில் நம் பெண்களை அடக்கிவைக்கும் பெரும் பயம் அதுதான். "வீடு என் அப்பன் பெயரில் இருக்கிறது, பட்டாவும் அவர் பெயரில், நீ யார் இங்கே" என்று சொல்லித்தான் பாதிராத்திரியில் பெண்ணைப் பிள்ளைகளோடு வெளியே தள்ளுகிறார்கள். 2006 டிசம்பரில் உச்ச நீதிமன்றமும் ஒரு தீர்ப்பில் ஏறத்தாழ இந்த வாதத்துக்கே இசைந்து, மாமியார் பெயரிலிருந்த வீட்டில் மருமகள் உரிமை கோர முடியாது என்றுரைத்தது. அதனால் பதினான்கு ஆண்டுகள் பல பெண்கள் கதவுக்கு வெளியே நின்றார்கள். பின்னர், சதீஷ் சந்தர் அகுஜா வழக்கில் 2020 அக்டோபர் 15ஆம் நாள் மூன்று நீதிபதிகள் கொண்ட ஆயம் அந்தத் தீர்ப்பு தவறென்று அறிவித்து, கணவனின் உறவினருக்குச் சொந்தமான வீடாயினும், அது அவள் வாழ்ந்த பொதுக் குடும்ப வீடாயின் அங்கே குடியிருக்க அவளுக்கு உரிமை உண்டென்று நிலைநாட்டியது. 2022 மே மாதத்தில் பிரபா தியாகி என்னும் விதவையின் வழக்கில் உச்ச நீதிமன்றம் இன்னும் ஒரு படி மேலே சென்று, கொடுமை நடந்த வேளையில் அவள் அந்த வீட்டில் வசித்திருக்கவேண்டும் என்ற கட்டாயமும் இல்லை என்றது. ஆகவே குடியிருப்பு ஆணை கேட்கும் பெண், வீட்டின் சொத்துரிமையைக் கேட்கவில்லை. தலைக்கு மேல் கூரையை மட்டுமே கேட்கிறாள். தேவையானால் கணவனை வீட்டைவிட்டு வெளியேறச் சொல்லவும், அது பொருந்தாவிடில் அதே தரத்தில் வேறு வீடு பார்த்து வாடகை கட்டச் சொல்லவும் மாஜிஸ்திரேட்டுக்கு அதிகாரம் உண்டு. வீட்டிலுள்ள மாமியாரையோ நாத்தனாரையோ வெளியேற்றும்படி மட்டும் உத்தரவிட முடியாது. மாமியாரும் ஒரு பெண் என்பதைச் சட்டம் மறக்கவில்லை. மகனால் அடிபடும் தாயும் இதே சட்டத்தின் கீழ் மனுச் செய்யலாம்.

எங்கே மனுச் செய்வது என்ற கேள்வி நம் வட்டாரத்துக்கு மிக முக்கியமானது. பிழைப்புத் தேடிப் பெங்களூருக்கும் திருப்பூருக்கும் சென்னைக்கும் போய்க் கட்டட வேலையிலும் பனியன் வேலையிலும் காலந்தள்ளும் குடும்பங்கள் இங்கே ஏராளம். திருப்பூரில் அடிபட்டவள், கையில் குழந்தையோடு ரயிலேறி மொரப்பூர் ஸ்டேஷனில் இறங்கித் தாய்வீட்டுக்கு வந்து சேர்கிறாள். நடந்தது திருப்பூரில், ஆகையால் அங்கேதான் போய்ச் சொல்லவேண்டும் என்று யாரேனும் சொன்னால் அதை நம்பவேண்டாம். அவள் தற்காலிகமாகத் தங்கியிருக்கும் ஊரின் மாஜிஸ்திரேட்டுக்கும் அதிகாரம் உண்டு என்று 27ஆம் பிரிவு தெளிவாகக் கூறுகிறது. இங்கே அரூர் நீதிமன்றத்தில் பெறும் ஆணை திருப்பூரிலும் பெங்களூரிலும், இந்தியா முழுவதிலுமே, செல்லும்.

மாவட்டத்தில் இதற்கென நியமிக்கப்பட்ட பாதுகாப்பு அலுவலர் சமூக நலத்துறையைச் சார்ந்தவர். தருமபுரியிலுள்ள மாவட்டச் சமூக நல அலுவலகத்தின் வாயிலாக அவரை அணுகலாம். அவர் நடந்தவற்றைக் கேட்டுக் குடும்ப நிகழ்வு அறிக்கை ஒன்றை எழுதி மாஜிஸ்திரேட்டுக்கு அனுப்புவார். காயத்துக்கு வைத்தியமும், தங்க இடமும், இலவச வக்கீல் உதவியும் ஏற்பாடு செய்வதும் அவர் கடமையே. எழுதத் தெரியாதவள் வாயால் சொன்னால் போதும், அவர் எழுதிக்கொள்ள வேண்டும். அவரைக் காணமுடியாவிட்டால் பெண் நேராகவே நீதிமன்றத்தில் மனுக் கொடுக்கலாம். அந்த அறிக்கை இல்லாததைக் காரணமாகக் காட்டி மனுவைத் தள்ளக் கூடாது என்பதும் பிரபா தியாகி வழக்கிலேயே தீர்ந்துபோன சங்கதி. வருமானம் எவ்வளவாயினும் பெண் என்ற ஒரே காரணத்தால் சட்டப் பணிகள் குழுவின் வக்கீலை இலவசமாகப் பெற 1987ஆம் ஆண்டுச் சட்டம் வழிசெய்திருக்கிறது.

மனு வந்த மூன்று நாட்களுக்குள் முதல் விசாரணை, அதிலிருந்து அறுபது நாட்களுக்குள் முடிவு என்பதே சட்டத்தின் எதிர்பார்ப்பு. நடைமுறையில் வாய்தாவுக்கு மேல் வாய்தாவாக ஆண்டுகள் ஓடிவிடுவது உண்டு. ஒவ்வொரு வாய்தாவுக்கும் ஒரு நாள் கூலி போகிறது, பஸ் செலவு ஆகிறது, குழந்தையை யாரிடமாவது விடவேண்டியிருக்கிறது. இந்தச் சிரமத்தை மனத்திற்கொண்டே நான் ஒன்றை அழுத்திச் சொல்கிறேன்: மனுவோடு கூடவே இடைக்கால ஆணையையும் கேட்க வேண்டும். ஆபத்து இருப்பதாக அவள் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்தால், எதிர்த்தரப்பு வருவதற்கு முன்பே அவள் சொல்லை மட்டும் கொண்டு மாஜிஸ்திரேட் பாதுகாப்பும், குடியிருப்பும், ஜீவனாம்சமும், குழந்தைகளை அவள் தன்னிடம் வைத்துக்கொள்ளும் உரிமையும் தற்காலிகமாக அளிக்கலாம் என்று 23ஆம் பிரிவு சொல்கிறது. இந்த ஒரு பாராவை எழுத மறந்துவிட்ட மனுவால், மாதக்கணக்கில் வெறுங்கையோடு தாய்வீட்டில் காத்திருந்த பெண்கள் உண்டு.

இனி, எல்லாவற்றையும்விட முக்கியமான இடத்துக்கு வருகிறேன். ஆணை கையில் கிடைத்த அன்றே ஆபத்து நீங்கிவிட்டது என்று எண்ணுவது பெரும் பிழை. கோபமும் குடியும் உள்ளவனுக்கு, பெண்டாட்டி கோர்ட்டுக்குப் போனாள் என்னும் சேதியே புதிய சினத்தை மூட்டக்கூடும். ஆணை ஒரு வேலி. வேலியை யாரும் பார்த்துக்கொண்டிராவிட்டால் மாடு அதை மிதித்துக்கொண்டு உள்ளே போய்விடும். பாதுகாப்பு ஆணையையோ இடைக்காலப் பாதுகாப்பு ஆணையையோ மீறுவது 31ஆம் பிரிவின்படி ஓராண்டுவரை சிறையோ, 20,000 ரூபாய்வரை அபராதமோ, இரண்டுமோ விதிக்கத்தக்க குற்றம். போலீசார் வாரண்டு இன்றிக் கைது செய்யலாம். ஜாமீன் உரிமையாகக் கிடைக்காது. அவள் ஒருத்தியின் சாட்சியத்தைக் கொண்டே மீறல் நடந்ததென்று நீதிமன்றம் முடிவுசெய்யலாம். இவ்வளவு வலிமை இருந்தும், மீறல் நடந்த இரவில் அவள் போலீசாரிடம் சொல்லவில்லையானால் ஒன்றும் நடவாது. ஸ்டேஷனில் ஆணையின் நகல் இல்லையென்றால், "இது புருஷன் பெண்டாட்டி விவகாரம், காலையில் வாருங்கள்" என்று திருப்பி அனுப்பிவிடவும் கூடும்.

ஆதலால் ஆணையின் நகல் இலவசமாகத் தரப்படவேண்டும் என்பதையும், அந்த எல்லைக்குட்பட்ட காவல் நிலையத்துக்கும் நீதிமன்றமே ஒரு நகல் அனுப்பவேண்டும் என்பதையும் நினைவில் வையுங்கள். அனுப்பப்பட்டதா என்று போய் விசாரியுங்கள். அரூர் அனைத்து மகளிர் காவல் நிலையத்துக்கு அவளைத் தனியே அனுப்பாமல் இருவர் உடன் செல்லுங்கள். புகார் கொடுத்தால், அதைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீது பெறாமல் திரும்பாதீர்கள். தவணைக் கணக்கு எழுதுவதில் பழகிய உங்கள் கை, எந்த நாள், எந்த நேரம், யார் முன்னிலையில் அவன் என்ன செய்தான் என்பதையும் ஒரு நோட்டில் தேதியிட்டு எழுதட்டும். ஜீவனாம்சம் கட்டாமல் அவன் ஏமாற்றினால், அதற்கு மட்டும் வேறு பரிகாரம் உண்டு. மாஜிஸ்திரேட்டிடம் மனுச் செய்து, அவன் வேலை பார்க்கும் முதலாளியே சம்பளத்திலிருந்து பிடித்து நேரே அவளிடம் கட்டும்படி உத்தரவு பெறலாம்.

குடும்பத்தை உடைக்கும் சட்டம் என்று இதைத் தூற்றுபவர்கள் உண்டு. ஆண்பிள்ளையின் பக்கத்து நியாயத்தை யார் கேட்பது என்று வருந்துபவர்களும் உண்டு. பின்னவர்களின் கேள்வி மதிக்கத்தக்கது. எதிர்த்தரப்புக்கு நோட்டீசு அனுப்பி அவன் வாதத்தையும் கேட்ட பிறகே இறுதி ஆணை பிறக்கும். ஆணை கையில் சேர்ப்பிக்கப்பட்ட முப்பது நாட்களுக்குள் செஷன்ஸ் நீதிமன்றத்தில் இருதரப்பாரும் அப்பீல் செய்யலாம். 2021 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம், இந்த மனுக்கள் அடிப்படையில் சிவில் தன்மை கொண்டவை, எதிர்மனுதாரரைக் குற்றம் சாட்டப்பட்டவராகக் கருதி நடத்தலாகாது என்று விரிவாக விளக்கியது. ஆகவே மனுச் செய்த மறுநாளே கைவிலங்கு மாட்டிவிடுவார்கள் என்று மாமியார்களைப் பயமுறுத்துவதும் தவறு, அதைக் கேட்டு மருமகள்கள் பின்வாங்குவதும் தவறு. முன்னவர்களுக்கு நான் சொல்வது ஒன்றே: ஆணை வருமுன்பே அந்தக் குடும்பம் உடைந்துபோயிற்று, அதை உடைத்தது எந்தக் கை என்பதும் ஊருக்குத் தெரியும்.

ஊர்ப் பெரியவர்கள் பேசித் தீர்ப்பதை நான் வேண்டாமென்று சொல்லவில்லை. அவர்கள் அன்போடு கண்டித்தால் திருந்தக்கூடியவர்களும் இருக்கிறார்கள்; மாஜிஸ்திரேட்டே இருவரையும் ஆலோசகரிடம் அனுப்பிவைக்கச் சட்டத்தில் இடமுண்டு. ஆனால் இரண்டாம் முறையும் மூன்றாம் முறையும் அடிபட்டு வந்தவளுக்கு மறுபடி ஒரு வெற்றுக் காகிதத்தைக் கொடுத்து அனுப்புவது பஞ்சாயத்தாகாது. அவளைக் கோர்ட்டுக்குப் போகவிடாமல் தடுப்பது அதனினும் கொடிது.

கோர்ட்டு என்றாலே நம்மைப் போன்றவர்களுக்கு எட்டாத இடம் என்று சொல்வீர்களேயானால், நம் மாவட்டத்திலேயே, சித்தேரி மலையடிவாரத்து வாச்சாத்தியை எண்ணிப் பாருங்கள். 1992 ஜூன் மாதத்தில் அரசாங்கத்தின் சீருடை அணிந்தவர்களால் சூறையாடப்பட்ட அந்த மலைவாழ் மக்களின் ஊரில், பதினெட்டுப் பெண்கள் தங்களுக்கு நேர்ந்த பாலியல் கொடுமையை நீதிமன்றத்தில் வாய்திறந்து சொன்னார்கள். 2011 செப்டம்பர் 29ஆம் நாள், குற்றம் சாட்டப்பட்ட 269 பேரில் உயிரோடிருந்த 215 பேரும் குற்றவாளிகள் என்று தருமபுரி நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2023இல் அதே செப்டம்பர் 29ஆம் நாள் உயர் நீதிமன்றமும் அதை உறுதிசெய்தது. அவர்களுக்கு எதிராக நின்றது ஓர் அரசாங்கத்தின் முழு பலம். அவர்கள் பக்கத்தில் நின்றவர்கள் ஒருவரையொருவர் கைவிடாத அந்த ஊராரும், துணைக்கு வந்த சில சங்கங்களும்தான்.

2025 மே மாதத்தில் உச்ச நீதிமன்றம், மாவட்ட அளவில் மட்டுமன்றி வட்ட அளவிலும் பாதுகாப்பு அலுவலர்களை அடையாளங்கண்டு நியமிக்குமாறு எல்லா மாநிலங்களுக்கும் உத்தரவிட்டிருக்கிறது. அது சரியாக நிறைவேறினால் நம் பெண்கள் தருமபுரிக்கு ஒரு பஸ், அரூருக்கு ஒரு பஸ் என்று அலைய வேண்டியிராது. உங்கள் ஒன்றியக் கூட்டமைப்பின் சார்பில் மாவட்ட ஆட்சியரிடம் ஒரு மனு கொடுத்து, நம் வட்டத்துக்கு அந்த அலுவலர் யார், எந்த நாளில் எங்கே இருப்பார் என்பதை எழுத்தில் கேட்டு வாங்குங்கள். குறைதீர்க்கும் நாளில் பலர் சேர்ந்து போய்க் கேட்டால் மறுக்கமாட்டார்கள்.

அடுத்த மாதக் கூட்டத்தில், சேமிப்புக் கணக்கு முடிந்ததும், இந்த மடலை ஒருவர் உரக்கப் படிக்க மற்றவர்கள் கேட்குமாறு ஏற்பாடு செய்யவேண்டும் என்பது என் பணிவான விண்ணப்பம். அன்றே தீர்மான நோட்டில், குழுவில் யாருக்குத் தேவை நேர்ந்தாலும் நீதிமன்றத்துக்கும் காவல் நிலையத்துக்கும் உடன் செல்ல இருவரைப் பெயர் குறித்து நியமியுங்கள். அவர்களுடைய பஸ் செலவைக் குழுப் பணத்திலிருந்து தருவதாக எழுதி எல்லாரும் கையொப்பமிடுங்கள். பெண்களுக்கான உதவி எண்ணாகிய 181ஐயும், சட்ட உதவிக்கான 15100ஐயும் அந்தப் பக்கத்தின் மேலேயே எழுதிவையுங்கள். அன்றைக்கு வராத சகோதரியின் வீட்டுக்கு, அவள் கணவன் வேலைக்குப் போயிருக்கும் நேரம் பார்த்து, உங்களில் ஒருவர் போய் வாருங்கள்.

இங்ஙனம்,
உங்கள் நலம் நாடும் சகோதரி